ஐந்தாவது ஆள்

அண்மையில் ஒரு ஞாயிறு மாலை அடையாறு காந்தி நகரில் வாழும் நண்பர் ஒருவரின் இல்லத்திற்குச் சென்றிருந்தோம். அடுத்த வீட்டில் ஒரு மராட்டியக் குடும்பம். மகன் இங்கே கணிப்பொறித் துறையில் பணியாற்றுகிறார். அவருடைய தாயார் புனேயிலிருந்து வந்து சில மாதங்களாகத் தங்கியிருந்தார். அன்று மாலை அவரும் நண்பர் வீட்டில் அமர்ந்திருந்தார். அந்த அம்மையாருக்குத் தமிழ் தெரியாது. நமக்கோ இந்தி அரைகுறை. நண்பரின் மருமகள் தில்லியில் வளர்ந்தவராதலால் இங்கிருந்து அங்கும் அங்கிருந்து இங்குமாகப் பேச்சைக் கொண்டுபோய்ச் சேர்த்துக்கொண்டிருந்தார். நல்ல தமிழ்ப் படம் ஒன்றைக் காணவேண்டும் என்று அம்மையார் விரும்பியதால், நண்பர் 'நாயகன்' திரைப்படத்தின் இந்தி மொழிமாற்றத்தைத் தேடி எடுத்துப் போட்டார். 'வேலு நாயக்கன்' என்பது அதன் பெயர்.

'நாயகன்' நமக்குப் புதிதன்று. 1987-ஆம் ஆண்டு தீபாவளிக்கு அது வெளிவந்த நாள் முதல் எத்தனை முறை பார்த்திருப்போம் என்று கணக்கு வைத்ததில்லை. 2023-இல் மீண்டும் திரையரங்குகளுக்கு வந்தபோதும் பிள்ளைகளோடு சென்று பார்த்தோம். ஆனால், இந்தியில் பார்ப்பது இதுவே முதல் தடவை. நன்கு பழகிய ஒருவர் திடீரென்று வேறொரு குரலில் பேசக் கேட்டால் எப்படியிருக்கும்! முதல் அரைமணி நேரம் நமக்குச் சிரிப்பை அடக்குவதே பெரும்பாடாக இருந்தது.

கதையை அறியாதவர் நம் வாசகருள் சிலரே இருப்பர் எனினும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். தந்தையைக் காவல்துறையினரிடம் பறிகொடுத்த சிறுவன் வேலு, ஒரு காவலரைக் குத்திவிட்டுப் பம்பாய்க்கு ஓடுகிறான். தாராவியில் உசேன் பாய் என்னும் நல்ல மனம் படைத்த சிறு கடத்தல்காரர் அவனை வளர்க்கிறார். கேல்கர் என்னும் காவல் ஆய்வாளரின் கொடுமையால் அவர் காவலிலேயே இறக்கிறார். வேலு ஊரறியக் கேல்கரைக் கொல்கிறான். சாட்சி சொல்ல ஒருவரும் முன்வரவில்லை. அன்று முதல் அவன் தாராவியின் காவலன்; பின்னர் வேலு நாயக்கர்.

கேல்கர் கொல்லப்படும் அந்தக் காட்சி வந்தது. தமிழில் பார்த்தபோது திரையரங்கில் எழுந்த சீழ்க்கையொலி நம் காதில் இன்னும் ஒலிக்கிறது. சீழ்க்கை அடித்தவர்களுள் நாமும் ஒருவராக இருந்திருக்கக் கூடும். இந்த முறை அறையில் அமைதி. அந்த அம்மையார் தாழ்ந்த குரலில் ஏதோ கேட்டார். மருமகள் நம் பக்கம் திரும்பி, "இந்த இன்ஸ்பெக்டருக்கு வீட்டில் யார் யார் இருக்கிறார்கள் என்று கேட்கிறார்" என்றார்.

"பொறுத்திருக்கச் சொல்லுங்கள், அது பின்னால் வரும்" என்று நாம் சொல்லிவிட்டோம். சொன்ன பிறகுதான் மனம் உறுத்தத் தொடங்கியது. முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாகப் பார்த்துவரும் ஒரு படத்தில், அந்த இடத்தில் அந்தக் கேள்வி நமக்கு ஒரு தடவையேனும் எழுந்ததுண்டா? இல்லை. ஏன் எழவில்லை?

கேல்கர் என்பது மராட்டியப் பெயர். அம்மையாருக்கு அவன் தம் ஊர் ஆள். நமக்கு வேலு தூத்துக்குடிப் பக்கத்துப் பிள்ளை போல. அவரவர் ஆளுக்காக அவரவர் இரங்குகிறோம் என்று சொல்லி இதை முடித்துவிடலாம். ஆனால், அப்படி முடித்துவிடுவதில் ஓர் ஆபத்து இருக்கிறது. பரிவுக்கு மொழி உண்டு என்றால் நீதிக்கும் மொழி உண்டு என்றாகிவிடும். நம் மொழி பேசுகிறவன் செய்தால் வீரம், பிற மொழி பேசுகிறவன் செய்தால் கொலை என்றாகிவிடும். மனச்சான்று என்று நாம் சொல்வது அத்தகையதா?

மொழிமாற்றம் செய்வோருக்கு ஒரு தொல்லை உண்டு. ப, ம போன்ற இதழொலிகள் வருமிடத்தில் திரையிலுள்ளவரின் வாய் மூடித் திறக்கும். அதே இடத்தில் புதிய மொழியிலும் இதழொலியே வந்தால்தான் பார்ப்பவர் கண்ணுக்கு உறுத்தாது. ஆகவே பல வேளைகளில், சொல்ல வேண்டிய பொருளை விட்டு, வாய்க்குப் பொருந்தும் ஒலியைத் தேட வேண்டியதாகிறது. நம் மனச்சான்றுக்கும் நாம் இப்படித்தான் பின்னணிக் குரல் கொடுக்கிறோமோ என்று தோன்றியது. வாயசைவு பொருந்தினால் போதும். பொருள் எங்கோ போய்விடுகிறது.

'நாயகன்' படத்திலேயே ஒரு மொழிபெயர்ப்பாளர் வருகிறார். வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது. பம்பாயின் பெரிய கடத்தல்காரர்களிடம் பேசப் போகும்போது ஐயர் ஒருவரை அழைத்துப் போகிறார். அவர் சொல்லச் சொல்ல ஐயர் இந்தியில் சொல்வார். டெல்லி கணேஷ் (அவர் 2024-இல் மறைந்தார்) அந்த ஐயராக வாழ்ந்து காட்டினார். பம்பாயில் ஒரு வாழ்நாளைக் கழித்தும் அந்நகரின் மொழி வாயில் ஏறாத ஒரு மனிதர். அவருடைய தனிமைக்கும் பிடிவாதத்திற்கும் அதைவிடப் பொருத்தமான அடையாளம் இல்லை. எல்லாரும் இந்தியே பேசும் இந்த மொழிமாற்றத்தில் அந்த ஐயருக்கு என்ன வேலை? இந்தப் படத்தை எடுத்தவர்கள்மீது நமக்குக் குறையில்லை. வேறு வழியும் இல்லை. ஆனால், வேலு இந்தி பேசத் தொடங்கிய அந்தக் கணமே அவர் நம் ஆளாக இல்லாமல் போனார். அதன் பிறகுதான் நாம் அவருடைய செயல்களைப் பார்க்கத் தொடங்கினோம். அதுவரை அவருடைய முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம்.

முகம் பார்க்கத் தகுந்த முகந்தான். கமல்ஹாசனுக்கு அவ்வாண்டின் சிறந்த நடிகருக்கான தேசிய விருதைத் தந்த படம். பி. சி. ஸ்ரீராமின் ஒளிப்பதிவுக்கும் தோட்டா தரணியின் கலை இயக்கத்திற்கும் அதே ஆண்டில் தேசிய விருதுகள் கிடைத்தன. 2005-இல் அமெரிக்காவின் 'டைம்' இதழ் வெளியிட்ட, எல்லாக் காலத்திற்குமான 100 சிறந்த படங்களின் பட்டியலிலும் இது இடம்பெற்றது. இதில் சென்னைவாசிகளாகிய நமக்குச் சுவையான செய்தி ஒன்றுண்டு. திரையில் நாம் காணும் தாராவியின் பெரும்பகுதி தாராவியே அன்று. தோட்டா தரணி அங்கு சென்று பார்த்துப் படம் வரைந்துகொண்டு வந்து, இங்கே, ஆழ்வார்ப்பேட்டைப் பகுதியில் அக்காலத்தில் இருந்த வீனஸ் ஸ்டூடியோவில் அதை எழுப்பினார். மயிலையிலிருந்து நடந்துபோகும் தொலைவு. பம்பாய் என்று நாம் நம்பி அழுதது நம் வீட்டுக் கொல்லைப்புறத்தைத்தான். உரையாடல் எழுதிய பாலகுமாரனும் (2018-இல் மறைந்தார்) மயிலாப்பூரில் வாழ்ந்தவர்.

கதைக்குத் தூண்டுதலாக அமைந்தவர் என்று சொல்லப்படும் வரதராஜ முதலியாரின் வாழ்வும் இறுதியில் சென்னைக்கே வந்து சேர்ந்தது. 1926-இல் தூத்துக்குடியில் பிறந்து, பம்பாய் விக்டோரியா முனையத்தில் சுமை தூக்கி, கள்ளச்சாராயத்திலும் கடத்தலிலும் துறைமுகச் சரக்குத் திருட்டிலும் பெரும்புள்ளியானவர். அங்கே தமிழர்க்கு ஒரு துணை வேண்டியிருந்ததும் பொய்யன்று. 1966-இல் சிவசேனை தோன்றியபின் தென்னாட்டவருக்கு எதிராக எழுந்த கூச்சலை அக்காலத்தில் அங்கு வாழ்ந்தவர்கள் இன்றும் மறக்கவில்லை. மாதுங்காவில் அவர் நடத்திய பிள்ளையார் விழா ஊரே திரளும் விழா. எண்பதுகளில் காவல்துறையின் நெருக்குதல் கூடியபோது அவர் சென்னைக்கு வந்துவிட்டார். படம் வெளிவந்து மூன்று மாதங்கள் நிறைவதற்குள், 1988 சனவரி 2-ஆம் நாள் இங்கேயே இறந்தார். உடல் பம்பாய்க்குக் கொண்டு செல்லப்பட்டது. கூட்டம் கூட்டமாக மக்கள் அழுதார்களாம்.

அழுதவர்களை நாம் குறை சொல்லமாட்டோம். அவர்கள் பெற்ற உதவி உண்மை. ஆனால், கள்ளச்சாராயத்தைக் குடித்தவர்கள் யார்? மதுவிலக்குச் சட்டம் நடப்பிலிருந்த பம்பாயில் வசதியுள்ளவர்களுக்கு வேறு வழிகள் இருந்தன. குடிசைச் சாராயத்தைக் குடித்தவர்கள் அதே குடிசைகளின் கூலிக்காரர்கள். அந்த வீட்டுப் பெண்கள் மாலையில் வெறுங்கையோடு திரும்பிய கணவனைப் பார்த்து அழுததும் அழுகைதானே? அது ஊர்வலத்தில் கலக்கவில்லை.

படத்தின் புகழ்பெற்ற வாசகம் ஒன்று உண்டு. நாலு பேருக்கு நல்லது நடக்குமானால் எதுவுமே தவறில்லை என்பது அதன் சாரம். உசேன் பாயிடம் கேட்டு வேலுவின் மனத்தில் ஊன்றிவிட்ட பாடம் அது. தமிழில் 'நாலு பேர்' என்பது வெறும் எண்ணன்று. நாலு பேர் மெச்ச வாழவேண்டும் என்கிறோம். நாலு பேர் என்ன சொல்வார்கள் என்று அஞ்சுகிறோம். கடைசியில் தூக்கிப் போக நாலு பேர் வேண்டும் என்கிறோம். நாலு பேர் என்றால் ஊர். நாலு பேர் என்றால் சமுதாயம். அதனால்தான் அந்த வாசகம் நம் நெஞ்சில் தடையின்றி இறங்கியது. வேறெந்த மொழியிலும் அதற்கு அந்தச் சுவை வராது என்றே எண்ணுகிறோம். அன்று மாலை அதை இந்தியில் கேட்டபோது அதன் இனிமை கழன்று, கணக்கு மட்டும் எஞ்சி நின்றது. நாலு பேர் சரி. ஐந்தாவது ஆள் எங்கே போவான்?

இதே கணக்கை நாம் வேறோரிடத்தில் கேட்டிருக்கிறோம். ஆண்டுதோறும் தவக்காலத்தின் இறுதியில் கோயிலில் வாசிக்கக் கேட்கிறோம். யோவான் நற்செய்தியின் 11-ஆம் அதிகாரத்தில் தலைமைச் சங்கம் கூடுகிறது. உரோமையர் வந்து நம் தூய இடத்தையும் இனத்தையும் அழித்துவிடுவார்களே என்று அவர்கள் அஞ்சுகிறார்கள். அந்த அச்சம் பொய்யன்று. ஒரு தலைமுறை கழித்து, கி. பி. 70-இல் எருசலேம் கோவில் தரைமட்டமானது. அந்நேரத்தில் கயபா எழுந்து, இனம் முழுவதும் அழிவதைவிட ஒரு மனிதன் மக்களுக்காகச் சாவது நல்லது என்ற பொருள்படப் பேசுகிறார். கயபாவை நாம் எப்போதும் கொடியவராகவே உருவகித்து வந்திருக்கிறோம். அவர் கொடியவராகப் பேசவில்லை. பொறுப்புள்ள தலைவராகப் பேசினார். நாலு பேருக்கு நல்லது நடக்க வேண்டும் என்றுதான் பேசினார். அவருடைய கணக்கில் ஐந்தாவது ஆளாக நின்றவர் யார் என்பதை நாம் வாசகருக்குச் சொல்ல வேண்டியதில்லை.

1992-இல் வெளிவந்த கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல், நல்ல நோக்கம் தீய செயலை நல்லதாக்கிவிடாது என்று சொல்லும் இடத்தில், மாசற்ற ஒருவனைத் தண்டிப்பதை நாட்டைக் காக்கும் வழியென்று நியாயப்படுத்த முடியாது என எடுத்துக்காட்டுத் தருகிறது. எழுதியவர்களின் நினைவில் கயபா இருந்திருக்க வேண்டும். நன்மை விளையும்படி தீமை செய்வோம் என்று தாம் போதிப்பதாகப் பழி சுமத்தியவர்களைத் தூய பவுல் உரோமையர் திருமடலில் எவ்வளவு சினந்து பேசுகிறார் என்பதும் நாம் அறிந்ததே.

"கேல்கர் மாசற்றவனா? அவனல்லவா உசேன் பாயைக் கொன்றவன்?" என்று நண்பர் அன்றே கேட்டுவிட்டார். நல்ல கேள்வி, தட்டிக்கழிக்கக் கூடாதது. திருச்சபை ஏழையின் நெருக்கடியை அறியாத தாயன்று. உயிர்போகும் வறுமையில் பிறர் பொருளை எடுத்துப் பசியாறுவது திருட்டாகாது என்று புனித தோமா அக்குவினார் 13-ஆம் நூற்றாண்டிலேயே எழுதிவிட்டார். ஆகவே வேலு அரிசி மூட்டையைக் கடத்தி ஊருக்குக் கொடுத்தான் என்றால் அதைக் குறித்து நாம் நெடுநேரம் வாதிடலாம். உயிரைப் பற்றிய இடத்தில் மட்டும் அதே புனிதர் கறாராகிவிடுகிறார். தீயவனே ஆனாலும் தனி மனிதன் தன் பொறுப்பில் அவனைக் கொல்லலாகாது என்பது அவர் முடிவு.

ஆனால் அக்குவினாரை ஒப்புக்கொண்ட பின்பும் நம் மனம் முழுவதும் அமைதியடைவதில்லை. பொது அதிகாரமே கொலை செய்யும்போது ஏழை யாரிடம் போவான்? கேல்கர் சீருடை அணிந்தவன். புனித அகுஸ்தீனார் தம் 'கடவுளின் நகர்' நூலின் நான்காம் பகுதியில் ஒரு கதை சொல்கிறார். பிடிபட்ட கடற்கொள்ளைக்காரனை அலெக்சாந்தர் அதட்டுகிறான். கொள்ளையன் அஞ்சாமல், நான் சிறு படகில் செய்வதால் திருடன், நீ பெருங்கப்பற்படையோடு செய்வதால் பேரரசன் என்று விடை சொல்கிறான். நீதியை நீக்கிவிட்டால் அரசுகளும் பெருங்கொள்ளைக் கூட்டங்களே என்பது அகுஸ்தீனாரின் கருத்து. வேலு நாயக்கர் அந்தக் கொள்ளைக்காரனின் வழித்தோன்றல். அவர் கேல்கருக்குச் சொன்ன விடை சரியான விடை. ஆயினும் அந்தக் கதையை ஊன்றிப் படித்தால், கொள்ளையனின் சொல் அலெக்சாந்தரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுகிறதே ஒழியக் கொள்ளையனை அதிலிருந்து இறக்கிவிடவில்லை. இருவரும் அதில் அருகருகே நிற்கிறார்கள்.

இந்த வகைப் படங்களுக்கெல்லாம் மூத்தது 1972-இல் வந்த 'தி காட்ஃபாதர்' என்பர். காட்ஃபாதர் என்றால் தாதா என்று இன்றைய இளைஞர் பொருள் கொள்கின்றனர். நமக்கு அது ஞானத்தந்தை. திருமுழுக்குத் தொட்டியருகே நின்று, குழந்தைக்காகச் சாத்தானை விட்டுவிடுகிறேன் என்று வாக்குக் கொடுப்பவர். அந்தப் படத்தின் புகழ்பெற்ற காட்சியில் மைக்கேல் அந்த வாக்கைக் கொடுத்துக்கொண்டிருக்கும்போதே அவனுடைய ஏவலாள்கள் ஊரெங்கும் கொலை செய்கிறார்கள். அந்தக் காட்சியைப் பார்த்த பிறகு எந்தத் திருமுழுக்கிலும் அந்தக் கேள்விகளுக்கு விடை சொல்ல நமக்கு நாக்குச் சற்றுத் தயங்குகிறது. இது நிற்க.

'நாயகன்' இந்தியில் மொழிமாற்றம் பெற்றதோடு, 1988-இல் இந்தியிலேயே மீண்டும் எடுக்கவும் பட்டது. வினோத் கன்னா நடித்த அப்படத்தின் பெயர் 'தயாவான்'. கருணையுள்ளவன் என்று பொருள். பெயரிலேயே தீர்ப்பு எழுதியாகிவிட்டது! தமிழ்ப் படம் அப்படிச் செய்யவில்லை. இறுதியில் பேரக்குழந்தை, தாத்தா நல்லவரா கெட்டவரா என்று கேட்கிறது. கிழவர் தமக்குத் தெரியவில்லை என்கிறார். அந்த விடையைப் பெரும் அடக்கம் என்று பலர் பாராட்டினார்கள். நாமும் பாராட்டினோம். இப்போது நமக்கு அதில் ஓர் ஐயம். அவருக்கு உண்மையிலேயே தெரியாதா?

தெரியும் என்பதற்குப் படத்திலேயே சான்று உள்ளது. கேல்கருக்கு மனவளர்ச்சி குன்றிய ஒரு மகன். அசித் என்று பெயர். தந்தையைக் கொன்ற வேலுவே அந்தக் குடும்பத்தைத் தாங்குகிறார்; பிள்ளையை ஆதரிக்கிறார். தவறு என்று தோன்றாதவன் இதைச் செய்வானா? நம் குழந்தைகளுக்கு மறைக்கல்வி வகுப்பில் சொல்லித் தருகிறோம்: ஒப்புரவு அருட்சாதனத்தில் பாவியின் பங்கு மூன்று, மனத்துயர், பாவ அறிக்கை, பரிகாரம். வேலுவிடம் மனத்துயர் இருந்தது. பரிகாரம் இருந்தது, அதுவும் ஆண்டுக்கணக்கில், கைவலிக்காமல் கொடுத்த பரிகாரம். நடுவிலுள்ளது மட்டும் இல்லை. உன் தந்தையைக் கொன்றவன் நான்தான் என்று அந்தப் பிள்ளையின் முகத்தைப் பார்த்து அவர் சொல்லவில்லை. சோறு போட்டார், உண்மையைப் போடவில்லை.

இது தாதாக்களின் நோய் மட்டுமன்று என்பதை நாம் வெட்கத்தோடு ஒப்புக்கொள்ள வேண்டும். உடன்பிறந்தவனின் பங்கை எழுதி வாங்கிக்கொண்டு, அவன் மகளுக்குத் திருமணத்தன்று நாலு பவுன் போடுகிறவர்கள் நம் பங்குகளில் இல்லையா? பழைய வேலைக்காரியின் கூலியைக் குறைத்துக் கொடுத்துவிட்டு, கிறிஸ்துமஸ் அன்று சேலை எடுத்துக் கொடுத்து ஆறுதல் அடைகிறவர்கள் இல்லையா? கொடுத்தலைப் போல் எளிதில் வாயடைக்கக் கூடியது வேறொன்றில்லை. பெறுகிறவன் வாய் மட்டுமா அடைபடுகிறது?

வேலுவின் மகன் தந்தையின் வழியிலேயே போய் மடிகிறான். மகள் சாருமதி தந்தையை எதிர்த்து நிற்கிறாள். இதை விட்டுவிடுங்கள் என்கிறாள். முதலில் அவர்கள் நிறுத்தட்டும், நான் நிறுத்துகிறேன் என்பது தந்தையின் விடை. ஊரில் நடக்கும் எல்லாச் சண்டைகளிலும் இரு தரப்பாரும் சொல்லும் விடை. மகள் வீட்டைவிட்டுப் போய்விடுகிறாள். அந்தக் காட்சியில் திரையரங்கில் யாருக்குக் கைதட்டல் விழுந்தது என்பதை வாசகர் நினைவுகூரட்டும்.

கைதட்டல் விழுந்த வேறொரு காட்சியைப் பற்றியும் சொல்ல வேண்டும். அதில் நம் தீர்ப்பு அவ்வளவு உறுதியாக இல்லை. குடிசைகளை இடிக்க முனைந்த செல்வர் ஒருவரின் மாளிகைக்குள் வேலுவின் ஆட்கள் புகுந்து எல்லாவற்றையும் அடித்து நொறுக்குகிறார்கள். வீடு இடிபட்டால் எப்படியிருக்கும் என்று அவருக்குக் காட்டுகிறார்கள். அன்று மாலை அந்தக் காட்சியைப் பார்க்கையில் நம் எண்ணம் ராஜா அண்ணாமலைபுரத்திற்குச் சென்றது. நாம் இருந்த வீட்டிலிருந்து ஆற்றைக் கடந்தால் சிறு தொலைவு. 2022 மே மாதம் அங்கே கோவிந்தசாமி நகரில், பக்கிங்காம் கால்வாய் ஓரம், நீதிமன்ற ஆணையின்படி வீடுகளை இடித்தார்கள். இடிப்பதைக் கண்டு மனம் பொறாத ஒரு முதியவர் தீக்குளித்து இறந்தார். ஆக்கிரமிப்பை அகற்றியது சட்டப்படி சரியே என்றனர் ஒரு சாரார். கால்வாய் நகரின் சொத்து. வெள்ளம் வடிய வேண்டும். நாலு பேருக்கு நல்லது. 2015 பெருவெள்ளத்திற்குப் பின் அடையாற்றங்கரைக் குடும்பங்கள் பலவற்றைப் பெரும்பாக்கத்திற்கு அனுப்பியபோதும் இதே சொல்தான் சொல்லப்பட்டது. பிள்ளைகளின் பள்ளியும், தாய்மார் பாத்திரம் தேய்த்துப் பிழைத்த வீடுகளும் இங்கேயே இருந்துவிட்டன. ஆள்களை மட்டும் அங்கே கொண்டுபோய் விட்டார்கள்.

அப்போது வேலு நாயக்கர் ஒருவர் இங்கு இல்லையே என்று ஒரு கணம் ஏங்கினோமா என்று யாரேனும் கேட்டால், ஏங்கவில்லை என்று சொல்லும் துணிவு நமக்கில்லை. கயபாவின் கணக்கைத் தாதா போடும்போது சினம் கொள்வதும், நகரம் போடும்போது வளர்ச்சித் திட்டம் என்று பெயரிட்டு ஏற்றுக்கொள்வதும் நேர்மையாகாது. அதே நேரத்தில் நகரத்தின் கணக்கை மறுக்க நாயக்கரின் கணக்கைக் கையில் எடுத்தால், நாளை இன்னொரு வீட்டில் ஓர் அசித் வளர்வான். இவ்விரண்டுக்கும் நடுவே செல்லும் வழி மெல்லியது, கைதட்டல் கிடைக்காதது. தாராவியில் கேல்கருக்கு எதிராகத் துணிந்து சாட்சி சொல்ல ஒரே ஒருவர் வந்திருந்தால், வேலு கத்தி எடுக்கத் தேவையிருந்திருக்குமா? சாட்சி என்ற சொல் நமக்குப் பழக்கமான சொல். சாந்தோமில் கல்லறை கொண்டிருப்பவர் அந்தச் சொல்லுக்காகவே உயிர் கொடுத்தார். கோவிந்தசாமி நகரில் வீடுகள் விழுந்த அந்த நாள்களில், ஆயிரம் தப்படிகளுக்குள் வாழும் நம்மில் எத்தனை பேர் போய் நின்றோம்? நாம் போகவில்லை. செய்தித்தாளில்தான் படித்தோம்.

படம் முடிவுக்கு வந்தது. நீதிமன்றம் போதிய சாட்சியம் இல்லையென்று வேலு நாயக்கரை விடுவிக்கிறது. வெளியே மக்கள் கடலெனத் திரண்டு ஆர்ப்பரிக்கிறார்கள். நாலு பேர் அங்கே நாலாயிரம் பேராக நிற்கிறார்கள். அப்போது கூட்டத்திலிருந்து அசித் வெளிப்படுகிறான். தந்தையைக் கொன்றவர் யார் என்பது இப்போது அவனுக்குத் தெரியும். அவன் சுடுகிறான். வேலு நாயக்கர் விழுகிறார். படத்தை எடுத்தவர்கள் அந்தத் துப்பாக்கியைப் போட்டிக் கடத்தல்காரன் கையிலோ காவல்துறையின் கையிலோ கொடுக்காமல், கணக்கில் விடுபட்டுப் போன அந்த ஒருவன் கையில் கொடுத்தார்கள் என்பதை எண்ணி எண்ணி வியக்கிறோம். ஆனாலும் நாம் வீட்டுக்கு எடுத்து வந்தது வாசகத்தைத்தான், துப்பாக்கியை அன்று.

நம் நண்பரின் கண்கள் வழக்கம்போல் கலங்கியிருந்தன. நமக்கும் அப்படியே. இளையராஜாவின் இசைக்கு மொழிமாற்றம் தேவைப்படவில்லை. அம்மையார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, மருமகளிடம் நெடுநேரம் ஏதோ பேசினார். நாயக்கருக்காக அவரும் வருந்துகிறார் என்றார் மருமகள். நல்ல மனிதர்தான், பிள்ளைகளை இழந்தவர் என்கிறாராம்.

"வேறென்ன கேட்கிறார்?" என்றோம்.

"அந்தப் பையன், அதான் சுட்டானே, அவனை அதற்கப்புறம் யார் பார்த்துக்கொள்வார்கள் என்று கேட்கிறார்."

நண்பர் நம்மைப் பார்த்தார். நாம் திரையைப் பார்த்தோம். அதில் பெயர்கள் ஓடிக்கொண்டிருந்தன.